ரெட் ஆக்சைடு பூசிய தந்திகள்

தோஸ்து,

உன் பியானோ நேற்று கைமாறிவிட்டது. உன் பிலோமினாவின் சம்மதத்தோடு நான்தான் பேசி முடித்தேன். நாலு பக்கமும் கோணியைச் சுற்றிக் கட்டி, குட்டியானை வண்டியில் ஏற்றி, ராயபுரத்திலிருந்து வியாசர்பாடிக்கு அனுப்பி வைத்தோம். நீ இருந்திருந்தால், "ரேட்டு இன்னா, அத்த சொல்லு மாமு" என்று கேட்டிருப்பாய். சொல்கிறேன். ஆனால் விலையைக் கடைசியில்தான் சொல்வேன். அது என் தொழில் பழக்கம், உனக்குத் தெரியும்.

இதை எழுதும்போது என் சுட்டுவிரலில் இன்னும் சிவப்பு ஒட்டியிருக்கிறது. வண்டியில் ஏற்றுவதற்கு முன் முன்பலகையைக் கழற்றினோம். சும்மா இருக்க முடியாமல் இடது பக்கத்துத் தடித்த தந்திகளை ஒருமுறை தடவினேன். இத்தனை வருஷம் கழித்தும் பொடி பொடியாக வருகிறது. சோப்பு போட்டுப் பார்த்தேன், மண்ணெண்ணெய் போட்டுப் பார்த்தேன், நகக்கண்ணை விட்டுப் போகவில்லை. சாத்தாங்காட்டு இரும்பு மார்க்கெட்டில் என் ஷெட்டுக்குள் நுழைந்தால் தினமும் அடிக்கிற வாசனைதான் இது. கடல் காற்று இரும்பைத் தின்னாமல் இருக்க நாங்கள் எல்லாவற்றுக்கும் முதலில் அடிக்கிற செங்காவிப் பூச்சு. ரெட் ஆக்சைடு. ஆனால் ஒரு வீட்டு ஹாலில், மாதா படத்துக்குக் கீழே, அந்த வாசனை வந்தபோது கொஞ்ச நேரம் என்னால் நிமிர முடியவில்லை. ஆட்கள் எனக்கு இடுப்புப் பிடித்துக்கொண்டது என்று நினைத்தார்கள். நானும் ஆமாம் என்று சொல்லிவிட்டேன்.

நாம் சந்தித்ததே இந்தப் பெட்டியால்தான். அப்போது எனக்குச் சாத்தாங்காடு எல்லாம் கனவு. ராயபுரம் பாலத்துக்குப் பக்கத்தில் ஒரு காயலான் கடை, அதுவும் பாதி வாடகைக்கு. மூடிப்போன ஏதோ ஒரு கிளப்பின் சாமான்களை மொத்தமாக ஏலத்தில் எடுத்தேன். மின்விசிறி, இரும்புக் கட்டில், கூடவே ஒரு கறுப்புப் பெட்டி. அது பியானோ என்று தெரியும். உள்ளே ஆள் உயரத்துக்கு வார்ப்பிரும்புச் சட்டம் இருக்கும் என்பதும், தடித்த தந்திகளின் மேல் செம்பு சுற்றியிருக்கும் என்பதும் தெரியும். மற்றது எதுவும் தெரியாது. எடைக்கு எடுத்தேன், எடைக்குப் போடப்போகிறேன், அவ்வளவுதான் கணக்கு. இறக்கும்போது லாரியிலிருந்து நழுவி ஒரு மூலை தரையில் அடித்தது. அந்தச் சத்தம் இரண்டு தெரு கேட்டதாம்.

அதைக் கேட்டுத்தான் நீ வந்தாய். பூசை முடிந்து, கோயிலில் ஆர்கன் வாசித்துவிட்டு, வெள்ளைச் சட்டையோடு.

"இன்னாபா வுழுந்துது?"

"இரும்பு."

"இரும்பு இப்டியா அழுவும்?" என்று சொல்லிக்கொண்டே உள்ளே வந்து, கட்டில்களைத் தாண்டி நின்று, ஒரு கட்டையை அழுத்தினாய். பிறகு இன்னொன்று. என் முகத்தைப் பார்க்காமலே, "இது எனக்கு வேணும், என்ன கேட்டாலும் தரேன்" என்றாய். என் வாழ்நாளில் அவ்வளவு மோசமாகப் பேரம் பேசிய ஆளை நான் பார்த்ததில்லை. முதல் வார்த்தையிலேயே தோற்றவனிடம் என்ன பேரம் பேசுவது? எடை விலைக்கே கொடுத்தேன். அன்று நான் செய்தது பெருந்தன்மை என்று பல வருஷம் நினைத்திருந்தேன். உண்மை என்னவென்றால், உன்னைப் பார்க்க எனக்குப் பாவமாக இருந்தது.

முன்பலகையைத் திறந்தபோதுதான் கெட்ட செய்தி. இடது பக்கம் சட்டத்தில் ஒரு விரிசல். நீ தலையில் கை வைத்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்துவிட்டாய். "முடிஞ்சுது. இது விரிஞ்சா தந்திய இழுத்துக் கட்ட முடியாது." விழவைத்தது என் ஆட்கள். அதனால் சரிசெய்து தருவது என் பொறுப்பு என்று சொன்னேன். காதர் பாய்தான் அப்போது நம் பக்கத்தில் பெரிய வெல்டர். கப்பல் இன்ஜின் பாகங்களையே ஒட்டினவர். அவர் வந்து விரிசலைத் தடவிப் பார்த்து, பித்தளை ஊற்றி ஒட்டினார். மெல்ல ஆறட்டும் என்று எண்ணூர் அனல்மின் நிலையத்துச் சாம்பலைக் கொட்டி மூடினார். ஒட்டு நன்றாகவே பிடித்தது. பாய் போய்விட்டார்.

அங்கேதான் நான் புகுந்தேன். எந்தப் பொருளையும் வேலை முடித்து அப்படியே அனுப்பினால் அது எங்கள் தொழிலில் அரைவேலை. கடலுக்கு இவ்வளவு பக்கத்தில் மொட்டை இரும்பை வீட்டில் கொண்டுபோய் வைத்தால் ஆறு மாதத்தில் துரு தின்றுவிடும். "இடது பக்கம் முழுசா ரெண்டு கோட்டு அடிங்கடா" என்று ஆட்களிடம் சொல்லிவிட்டுச் சாப்பிடப் போனேன். முழுசாக அடித்துவிட்டார்கள். சட்டம், ஆணி, தந்தி, எல்லாம். சாயங்காலம் நீ வந்தபோது நான் பெருமையாக நின்றுகொண்டிருந்தேன். கப்பலுக்குப் பெயின்ட் அடித்தவன் மாதிரி.

நீ குனிந்து உள்ளே பார்த்தாய். பிறகு, "தந்திக்கு எவனாவது பெயின்ட் அடிப்பானா?" என்றாய்.

"துரு புடிக்காது."

"மாமு, துரு புடிக்காது. சத்தமும் வராது."

"வாசிச்சுப் பாத்துட்டுப் பேசு."

கோபத்தில்தான் அழுத்தினாய். வலது பக்கம் கண்ணாடி மாதிரி ஒலித்தது. இடது பக்கம் போனதும் சத்தம் மாறியது. பெரிய தண்ணீர்த் தொட்டிக்குள்ளிருந்து யாரோ கூப்பிடுகிற மாதிரி, மழுங்கி, கனத்து, ஒரு அடி வைத்து நின்றுவிடுகிற சத்தம். அதோடு பித்தளை ஒட்டு இருந்த இடத்துத் தந்திகள் சுருதியில் நிற்காமல் மெல்லக் கீழே இறங்கின. நீ நிறுத்தவே இல்லை. தெருவிளக்கு எரிந்தது. உன்னைத் தேடிக்கொண்டு பிலோமினா வந்தாள். அப்போது உங்களுக்குக் கல்யாணமாகி ஒரு வருஷம்கூட ஆகவில்லை. "இன்னாண்ணே இது, வூட்டுக்குப் போகாம இங்க குந்திகினு கீறாரு?" என்று என்னிடம் கேட்டாள். நீ திரும்பி அவளிடம், "இந்த ஆளு எனக்கு ஒரு புது வாத்தியம் பண்ணிக் குடுத்துட்டான் பிலோ" என்றாய். நான் அதைக் கிண்டல் என்றே எடுத்துக்கொண்டேன். ஆனால் அந்தப் பெயின்ட்டைச் சுரண்டலாம் என்று நான் இரண்டு முறை ஆள் அனுப்பியும், இரண்டு முறையும் டீ கொடுத்துத் திருப்பி அனுப்பிவிட்டாய்.

அப்போது உன் சாப்பாடு சினிமா ரெக்கார்டிங்கில்தான் வந்துகொண்டிருந்தது. காலையில் கோடம்பாக்கத்துக்குப் பஸ் பிடிப்பாய். ஐம்பது பேர் உட்கார்ந்து காகிதத்தில் இருப்பதை வாசிக்கிற வேலை. நீ காகிதத்தில் இல்லாததையும் வாசித்தாய். ஒருநாள் வேளை இல்லாத வேளையில் என் கடைக்கு வந்து கல்லாப் பக்கத்தில் உட்கார்ந்தாய்.

"வேலை போச்சு மாமு."

"இன்னா பண்ணே?"

"ஒரு சோகப் பாட்டு. எல்லாரும் அழுதுகினு இருந்தாங்க. நான் ஒரு எடத்துல சிரிச்சேன்."

"வாயாலயா?"

"கையால."

எனக்குப் புரியவில்லை. இன்றைக்கும் முழுசாகப் புரிந்தது என்று சொல்ல மாட்டேன். ஆனால் அந்த வேலை போனதால்தான் உனக்கு மற்ற எல்லாம் வந்தது. வேலையில்லாமல் வீட்டில் உட்கார்ந்து அந்தச் சிவப்புப் பக்கத்தை மட்டும் நாள் முழுக்க வாசித்தாய். பக்கத்து வீட்டில் மீன் விற்கிற அம்மா வந்து, "ஐயா, காலீல மட்டும் வேணாம், எம் புருசன் நைட்டெல்லாம் கடலுக்குப் போய்ட்டு வந்து தூங்கறான்" என்று கேட்டுக்கொள்கிற அளவுக்கு வாசித்தாய்.

நீ முதன்முதலாகக் கச்சேரி என்று என்னைக் கூப்பிட்டது நினைவிருக்கிறதா? தென்சென்னையில், ஏதோ ஒரு வெளிநாட்டுக் கலாசார மையத்தின் அரங்கு. ஏசி. நான் சலவைச் சட்டை போட்டு, கடையைச் சீக்கிரமே மூடிவிட்டு வந்திருந்தேன். அந்த அரங்கில் நல்ல பியானோ இருந்தும், அது வேண்டாம் என்று சொல்லி இந்தப் பெட்டியை என் லாரியிலேயே கொண்டுவரச் செய்தாய். உன்னோடு ஒரு டிரம்ஸ்காரர், ஒரு சாக்ஸபோன்காரர். மூன்று பேருக்கும் முன்னால் காகிதம் இல்லை. ஃப்ரீ ஜாஸ் என்று பெயர் சொன்னாய். முன்கூட்டியே பேசிவைத்துக்கொள்ளாமல், ராகம், தாளம் எதையும் முடிவு செய்யாமல், ஒருத்தர் வாசிப்பதைக் கேட்டு மற்றவர் பதில் சொல்வது என்று விளக்கினாய்.

ஆரம்பித்தீர்கள். நான் உண்மையைச் சொல்கிறேன். எங்கள் யார்டில் லாரி பின்னால் தூக்கிச் சரக்கைக் கொட்டுகிறபோது வருகிற சத்தம்தான் எனக்குக் கேட்டது. என் வரிசையில் இருந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்தார்கள். ஒருவர் போகிற போக்கில் கதவை விட்டுவிட்டார். அது கனத்த கதவு, டமால் என்று சாத்திக்கொண்டது.

அப்போது நீ ஒன்று செய்தாய். தலையைத் தூக்கவில்லை. இடது கையை அந்தச் சிவப்புப் பக்கத்தில் வைத்து, கதவு சாத்திய அதே சத்தத்தை அழுத்தினாய். ஒரு கணம் எல்லாம் நின்றது. டிரம்ஸ்காரர் சிரித்தார். பிறகு மூன்று பேரும் அந்த ஒற்றைச் சத்தத்திலிருந்து புறப்பட்டுப் போனீர்கள் பார், இருந்தவர்களில் யாரும் அதற்குப் பிறகு எழுந்திருக்கவில்லை.

வண்டியில் திரும்பும்போது, "பாதி ஜனம் போய்ட்டுச்சே, உனக்கு பேஜாரா இல்ல?" என்று கேட்டேன்.

"போறவன் போகட்டும் மாமு. கதவை மெதுவா சாத்திகினு நைசா போறான் பாரு, அவந்தான் பேஜாரு. ஓங்கிச் சாத்தினான்னா அவனும் வாசிக்கறான்னு அர்த்தம். பதில் சொல்லலாம்."

பிறகு என் தோளில் தட்டி, "உனக்கு எப்டி இருந்துச்சு?" என்றாய்.

"லாரி கொட்டற மாதிரி."

நீ கோபப்படுவாய் என்று நினைத்தேன். ராயபுரம் வரும்வரை சிரித்துக்கொண்டே வந்தாய். "பேப்பர்ல எழுதறவனுங்க எல்லாம் கடல், மழை, அலைன்னு எழுதுவானுங்க. நீ ஒருத்தந்தான் சரியா கேட்டே. அந்த லாரியை நாளைக்குக் காட்டு."

காட்டினேன். அப்போது கடை சாத்தாங்காட்டுக்கு மாறியிருந்தது. வெயிலில் ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துகொண்டு நாள் முழுக்கக் கேட்டாய். கம்பிக் கட்டு விழுகிறது, தகடு சரிகிறது, கிரேன் சங்கிலி ஓடுகிறது. நான் வாடிக்கையாளரிடம் பேரம் பேசுவதையும் கேட்டாய். சாயங்காலம், "உங்க ஆட்டத்துல எவன் முதல்ல விலை சொல்றானோ அவன் தோத்தான், இல்ல?" என்று கேட்டாய். ஆமாம் என்றேன். "எங்க ஆட்டத்துலயும் அப்டித்தான், ஆனா அங்க தோக்கறதுக்குத்தான் ஒருத்தன் முதல்ல வாசிக்கணும். இல்லாட்டி ராத்திரி பூரா மூணு பேரும் சும்மா குந்திகினு இருக்கணும்" என்றாய். நான் அன்றிலிருந்து ஒன்றை மாற்றிக்கொண்டேன். எதிராளி பேசி முடித்த பிறகும் கொஞ்சம் காத்திருப்பேன். அவன் சொன்னது காதில் இறங்கட்டும் என்று. அதில் எனக்குக் கிடைத்த லாபத்தை உன்னிடம் சொன்னதே இல்லை. சொன்னால் பங்கு கேட்டிருப்பாய்.

நீயே இசையமைத்த சினிமா வாழ்க்கை இரண்டே பொருளில் அடங்கும். ஒரு பாட்டு, ஒரு படம்.

பாட்டு எல்லோருக்கும் தெரியும். கல்யாணப் பாட்டு. காசிமேடு முதல் எண்ணூர் வரை அதைப் போடாத மண்டபம் கிடையாது. மாப்பிள்ளை அழைப்பில் அது ஒலித்தால் நீ அவசர அவசரமாகச் சாப்பிட்டு முடித்து, கை கழுவப் போய்விடுவாய். நான் உன்னிடம் முட்டிக்கொண்டேன். "இந்த மாதிரி பத்து போடு, வூடு வாங்கிரலாம். பிலோ எத்தினி வருசம் வாடகை வூட்டுல கிடக்கறது?" நீ, "அந்தப் பாட்டு நல்லாத்தான் இருக்கு மாமு. ஆனா அது என்கிட்ட ஒண்ணும் கேக்கல, நானும் அதுகிட்ட ஒண்ணும் சொல்லல" என்றாய். எனக்கு ஆத்திரமாக வந்தது. கேட்காத பொருளுக்குத்தான் நல்ல விலை என்பது என் கட்சி. நம் இரண்டு பேருக்கும் இந்தச் சண்டை கடைசிவரை தீரவில்லை.

படம் வேறு. துறைமுகத்தில் ஒரு காவலாளியைப் பற்றிய படம். பாட்டே கிடையாது. இயக்குநர் உன்னிடம், "ஆள் ரெண்டு மணி நேரம் பேசவே மாட்டான், அவன் என்ன நினைக்கிறான்னு நீங்கதான் சொல்லணும்" என்றாராம். நீ ரெக்கார்டிங் ஆட்களை உன் வீட்டுக்கே வரவழைத்தாய். ஹாலில் இருந்த சாமான்களை எல்லாம் தெருவில் எடுத்துப் போட்டு, இந்தப் பெட்டியின் இடது பக்கத்தை மட்டும் வைத்து அந்தக் காவலாளியின் மனசை வாசித்தாய். நான் அந்தப் படத்தை நம் பக்கத்துத் தியேட்டரில் பார்த்தேன். ஒரு வாரம்கூட ஓடவில்லை. அந்தக் காவலாளிக் கிழவன் விடியற்காலையில் கேட்டைத் திறக்கிற இடம். நீ ஒரே ஒரு கட்டையைத்தான் தொட்டிருந்தாய். அது மெல்ல இறங்கி இறங்கிப் போகிறது. எனக்கு என் அப்பாவின் முதுகு நினைவுக்கு வந்தது. ஹார்பரில் மூட்டை தூக்கியவர். அதற்கு முன்னாலும் பின்னாலும் எந்தச் சினிமாவிலும் எனக்கு அவர் நினைவு வந்ததில்லை.

அந்தப் படத்தைக் கேட்டுத்தான் ஜெர்மனிக்குக் கூப்பிட்டார்கள், ஹாலந்துக்குக் கூப்பிட்டார்கள். அங்கே ஒருவர், அந்தப் படத்தில் இடது கையில் மட்டும் இப்படி ஒரு தொனியை எப்படிக் கொண்டுவருகிறீர்கள் என்று கேட்டாராம். வந்து சொல்லிச் சிரித்தாய். "ரெட் ஆக்சைடுன்னு இங்கிலீஷ்லயே சொன்னேன் மாமு. ஏதோ தத்துவம்னு எழுதிக்கினான்."

பிறகு கம்ப்யூட்டர் வந்தது. ஐம்பது பேர் உட்கார்ந்த இடத்தில் ஒருத்தர் உட்கார்ந்தார். உன்னைக் கூப்பிடுகிறவர்கள் குறைந்தார்கள். நீ புலம்பியதில்லை. மூச்சு வாங்க ஆரம்பித்த பிறகும் தினமும் ஒரு மணி நேரம் வாசித்தாய். கோயில் கல்லறையில் உன்னை இறக்கிய அன்று பேண்டுக்காரர்களுக்கு உன்னுடையதாகத் தெரிந்தது அந்தக் கல்யாணப் பாட்டு ஒன்றுதான். அதையே மெதுவாக, சாவுக்கு வாசிப்பது மாதிரி வாசித்தார்கள். பிலோமினா அழுதுகொண்டே இருந்தவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்துவிட்டாள். "பாருண்ணே, இங்கயும் விடமாட்டேங்கறானுங்க" என்று என் காதில் சொன்னாள்.

இனி இந்த மாதத்துக் கதை. வீட்டுக்காரர் வீட்டை இடிக்கப் போகிறார். மாதக் கடைசியில் சாவியைக் கேட்டுவிட்டார். பிலோமினா அம்பத்தூரில் மகள் வீட்டுக்குப் போகிறாள், இரண்டாவது மாடி, குறுகலான படி. பெட்டி போகாது. என் ஷெட்டில் வைத்துக்கொள்கிறேன் என்றேன். அவள் பட்டென்று வெட்டினாள்.

"உன் ஷெட்ல வெச்சா பத்தாம் நாளு அது மேல சோத்து கேரியர் குந்தும். வேணாண்ணே. நீ வியாபாரி, நல்ல எடமா பாத்து வித்துக் குடு. எனக்குப் பணமும் வேணும், இல்லேன்னு சொல்லல. ஆனா அது ஊமையாப் போவக் கூடாது."

அவள் கேட்டது இரண்டு சரக்கு. பணம், சத்தம். இரண்டையும் ஒரே ஆளிடம் வாங்குவது லேசில்லை என்பது முதல் ஆள் வந்தபோதே தெரிந்துவிட்டது. கடற்கரைச் சாலை ஓட்டல்களுக்கு அலங்காரச் சாமான் சப்ளை செய்கிறவர். நல்ல மனிதர்தான், நல்ல தொகையும் சொன்னார். கூட வந்த ஆள் சட்டத்தைத் தட்டிப் பார்த்து ஒட்டைக் கண்டுபிடித்தான். "இது சுருதி நிக்காது சார். தந்தியெல்லாம் பெயின்ட்டு" என்றான். வாங்க வந்தவர் கவலைப்படவே இல்லை. "வாசிக்கப் போறதில்லையே. வெள்ளை அடிச்சு, ரிசப்ஷன்ல வெச்சு, மேல பூச்செண்டு வெப்போம். உள்ள இருக்கற இரும்பை எடுத்துட்டா தூக்கறதுக்கும் லேசா இருக்கும்." பிறகு என் விசிட்டிங் கார்டைப் பார்த்துவிட்டு, உதவி செய்கிற குரலில் சொன்னார்: "அந்த இரும்பை நீங்களே எடைக்கு எடுத்துக்குங்களேன் சார், உங்க லைன்தானே?"

நியாயமான பேச்சு. இந்தப் பெட்டியை முதல் நாள் பார்த்தபோது நான் போட்ட அதே கணக்கு. ஆனாலும் நாளைக்குச் சொல்கிறேன் என்று அனுப்பினேன்.

மறுநாள் மத்தியானம் கவிதா வந்தாள். உன் அடக்கத்துக்கு வந்திருந்த பெண்களில் ஒருத்தி, பிலோமினாவுக்கு முகம் தெரியும். வியாசர்பாடி. கல்யாணக் கச்சேரிகளில் கீபோர்டு வாசிக்கிறாள். ஒரு மெக்கானிக் ஷெட்டுக்கு மேலே அறை எடுத்து, இரண்டு தோழிகளோடு சேர்ந்து உன் மாதிரி, காகிதம் இல்லாத ஆட்டமும் ஆடுகிறாளாம். ஓட்டலுக்கு விற்கப் போகிறோம் என்று கேள்விப்பட்டு வந்திருந்தாள்.

"நைனா, ஒரு தபா தொட்டுப் பாக்கட்டுமா?"

இடது கோடிக் கட்டையை அழுத்தினாள். சத்தம் முழுசாக அடங்கும்வரை கையை எடுக்கவில்லை. பிறகு பலகைக்குள் கையை விட்டுத் தந்தியைத் தடவி, விரலைப் பார்த்தாள்.

"இன்னாது இது செவப்பா? ரத்தமா?"

"ரெட் ஆக்சைடு. நான்தான் அடிக்கச் சொன்னேன். துரு புடிக்காதுன்னு."

என்னைப் பார்த்தாள், விரலைப் பார்த்தாள், அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். சிரிக்கிறாளா அழுகிறாளா என்று தெரியவில்லை. "ஐயோ நைனா! நாலு வருசமா அந்தப் படத்து சத்தத்தை கம்ப்யூட்டர்ல தேடிகினு கீறேன். எத்தினி பட்டன அமுக்கிப் பாத்தேன் தெரியுமா?"

"பட்டன்ல எப்டிமா வரும்? அது பிரஷ்ஷுல வந்தது."

நான் விலை சொல்லவில்லை. அவள் சொல்லட்டும் என்று காத்திருந்தேன். அவளும் சொல்லவில்லை. வியாபாரத்தில் என்னை இப்படி யாரும் உட்காரவைத்ததில்லை. அவள் பாட்டுக்குத் திரும்பி வாசிக்க ஆரம்பித்துவிட்டாள். உன்னை மாதிரி இல்லை. இன்னும் வேகம், இன்னும் முரடு. எனக்குப் பிடித்ததா என்று கேட்டால், பிடிக்கவில்லை.

உன் வீட்டுக் கதவு மத்தியானக் கடல் காற்றில் அடித்துக்கொள்ளும், உனக்குத் தெரியும். பிலோமினா டீ எடுத்துக்கொண்டு வந்தபோது அது டமால் என்று சாத்தியது. கவிதா தலையைத் தூக்கவில்லை. இடது கையால் அதே சத்தத்தை அழுத்தி, அதிலிருந்து வேறு பக்கம் திரும்பிப் போனாள்.

பிலோமினா தட்டோடு நின்றுவிட்டாள். டீ தட்டில் சிந்தியது. என்னைப் பார்த்தாள். நான் அவளைப் பார்த்தேன். அந்தக் கச்சேரிக் கதையை எத்தனை முறை அவளிடம் நீ சொல்லியிருப்பாய். அந்தப் பெண்ணுக்கு அது தெரிய வழியில்லை.

"எவ்ளோமா குடுப்பே?" என்று நான்தான் முதலில் கேட்டேன். என் தொழிலில் அது தோல்வி.

"ஓட்டல்காரரு இன்னா சொன்னாரோ அத்தயே குடுக்கறேன் நைனா. கொறைக்க மாட்டேன். ஆனா ஒரே தபால முடியாது."

"உள்ள எதையும் மாத்துவியா?"

"தொட்டா கைய வெட்டு."

பிலோமினா தலையை ஆட்டினாள். நான் ஓட்டல்காரருக்கு போன் செய்து, வருத்தம் என்று சொல்லிவிட்டேன்.

தோஸ்து, உன் வாசிப்பில் பாதி எனக்குப் பிடித்ததில்லை. இதை நீ இருக்கும்போதும் சொன்னேன், இப்போதும் சொல்கிறேன். ஆனால் யார் பேசி முடித்தாலும் கொஞ்சம் காத்திருக்கிற அந்தப் பழக்கம் என்னோடு தங்கிவிட்டது. யார்டில் கம்பி விழுந்தால் கணக்குப் பார்க்கும் முன் அது எப்படி விழுந்தது என்று காது போகிறது. விரலில் இந்தச் சிவப்பும் இன்னும் சில நாள் இருக்கும்.

இனி விலை. ஓட்டல்காரர் சொன்ன அதே தொகை, ஆறு தவணையாக, மாதம் பிறந்ததும் பிலோமினா கையில். வண்டிக் கூலியும் ஏற்று இறக்குக் கூலியும் என்னுடையது. பித்தளை ஒட்டையும் சிவப்புத் தந்திகளையும் யாரும் மாற்றக் கூடாது, சுரண்டக் கூடாது. உன் நினைவு நாளில் வியாசர்பாடி அறையில் அவளும் தோழிகளும் வாசிப்பார்கள், பிலோமினாவும் நானும் முன்வரிசையில் உட்கார வேண்டும். எனக்குப் பிடிக்காவிட்டால் பாதியில் எழுந்துவிடுவேன் என்று முன்கூட்டியே சொல்லி வைத்தேன். அதற்கு அவள் தன் பக்கத்திலிருந்து ஒரே ஒரு நிபந்தனை போட்டாள்: "தாராளமா போ நைனா. ஆனா கதவை ஓங்கிச் சாத்திட்டுப் போணும்." ஒத்துக்கொண்டேன்.